காய்ச்சலும் வேணும், பாய்ச்சலும் வேணும்

நடுவர் அவர்களே, மன்னார்குடிப் பெருமக்களே, வணக்கம். நேரா விஷயத்துக்கு வந்துடுறேன்.

'முரண் தழுவும் தத்துவப் பள்ளி ஒண்ணு தொடங்கினா ஊருக்கு உதவுமா, உதவாதா?' இதுதான் தலைப்பு. ஒண்ணுக்கொண்ணு எதிரான ரெண்டு பேச்சும் சரியா இருக்கலாம்ங்கிறதுதான் முரண் தழுவுற தத்துவம். உதவும்ங்கிறது எங்க அணி. எதிரணியில பேசிய அம்மா ஒரு போடு போட்டாங்க: "அங்க படிச்சவன்கிட்ட வயலுக்குத் தண்ணி விடவான்னு கேட்டா, விடுங்கிறதும் சரி, விடாதேங்கிறதும் சரிம்பான். பயிர் கருகிடும்!" நீங்களும் கை தட்டுனீங்க.

அம்மா, நெல்லுக்கு அதுதாம்மா வைத்தியம்! காய்ச்சலும் பாய்ச்சலும்னு அதுக்குப் பேரே இருக்கு. நட்டுப் பத்துப் பதினஞ்சு நாள், நாத்து வேர் பிடிச்சிடுச்சு. ஒரு அடி நீள பிளாஸ்டிக் குழாய் எடுங்க. கீழ்ப்பாதி முழுக்கத் துளை போட்டு, அரை அடி மண்ணுக்குள்ள இறக்கி, உள்ள இருக்கிற சேத்தை அள்ளிடுங்க. வயல் வத்தட்டும், பதறாதீங்க. குழாய்க்குள்ள நீர்மட்டம் தரைக்குக் கீழே 15 சென்டிமீட்டர் இறங்கினதும் தண்ணி விடுங்க, தரைக்கு மேல 5 சென்டிமீட்டர் நிக்கிற மாதிரி. திரும்ப வத்த விடுங்க. மண்ணுக்குள்ள காத்துப் போகும், வேர் கீழே இறங்கும், தண்ணியும் மிச்சம்.

அப்ப எப்படிச் செஞ்சாலும் சரியா? இல்லவே இல்லை! பூக்கிற நேரத்துல காயப் போட்டீங்கன்னா கதிர்ல பாதி பதர். களிமண் ஆழமா வெடிக்கிற வரைக்கும் விட்டா, அடுத்த பாய்ச்சல் வெடிப்பு வழியாவே கீழே போயிடும். தண்ணி நிக்காத வயல்ல களை முந்திக்கும், அதை உடனே எடுக்கணும். வேதாரண்யம் பக்கத்து உப்பு மண்ணுல காய்ச்சல் கூடினா உப்பு மேல ஏறும். ரெண்டுமே சரிங்கிறதோட பாடம் முடியறதில்லை. எது எந்த நாள், எந்த மண், எத்தனை அங்குலம்? இதைக் கத்துக்கத்தான் பள்ளி வேணுங்கிறோம்.

அடுத்து எதிரணித் தம்பி ஒண்ணு கேட்டார்: "முரண் மேல கட்டினது எதுவாவது நிக்குமா?" தம்பி, கல்லணை எது மேல நிக்குது?

மணல். ஆழம் காண முடியாத ஆத்து மணல். அதைக் கட்டினவன் அந்த மணல்ல ஒரு பெரிய கல்லைப் போட்டான். ஓடுற தண்ணி கல்லுக்கு அடியில மணலை அரிச்சுது. கல்லு உள்ள போச்சு. அது மேல இன்னொரு கல்லு. அதுவும் போச்சு. கரையில நின்னவன் என்ன சொல்லியிருப்பான்? "உனக்கென்ன பைத்தியமா? போடுறதெல்லாம் முழுகுதே!" இவன் என்ன சொல்லியிருப்பான்? "முழுகட்டும், அடுத்த கல்லை எடு!" போட்டான், புதைஞ்சுது. போட்டான், புதைஞ்சுது. ஒரு நாள் போட்டான், கல்லு அசையலை.

கடைசி வரிசைக்குக் கேட்கணும், மறுபடி சொல்றேன். எந்தத் தண்ணி கல்லை முழுகடிச்சுதோ, அந்தத் தண்ணியே அடித்தளம் போட்டுக் கொடுத்துச்சு! அதுக்கு மேலதான் களிமண் வச்சுக் கல்லடுக்கினான். ஆயிரம் அடிக்கு மேல நீளம். வெள்ளைக்காரன் காலத்து அணைப் பொறியாளர் ஆர்தர் காட்டன் வந்து பார்த்தார். ஆழம் தெரியாத மணல்ல அஸ்திவாரம் போடுறதை இந்த ஊர்க்காரங்ககிட்டதான் கத்துக்கிட்டோம்னு எழுதியே வச்சார். 1836-ல முக்கொம்புல மேலணை வேலை தொடங்குச்சு, பின்னால கோதாவரியில தவளேஸ்வரம் அணை. தம்பி, முழுகினதாலதான் நிக்குது!

சமணர்களோட அநேகாந்தவாதம் ஒரே பொருளை ஒரு கோணத்துல உண்டுன்னும் இன்னொரு கோணத்துல இல்லைன்னும் சொல்லுச்சு. பௌத்த ஞானி நாகார்ஜுனர் உண்டு, இல்லை, ரெண்டும், ரெண்டுமில்லைன்னு நாலு மூலையையும் சோதிச்சார். நம்ம மண்ணுக்கு இது புதுசில்லை.

மணி அடிச்சிட்டீங்க நடுவரே, ஒரே நிமிஷம். வாய்க்கால் தண்ணி கடைசியா வந்து சேர்ற இந்தக் கடைமடையில எந்த வீட்டு வாசலுக்கு வேணா போங்க. சம்பா தண்ணியில சாஞ்சு கிடக்கும். அந்த வீட்டு அம்மா திருப்பூருக்குப் போன மகன்கிட்ட போன்ல சொல்லுவா: "இந்தச் சேத்துக்கு நீ வந்துடாதேப்பா." போனை வைக்கிறதுக்குள்ள இன்னொண்ணும் சொல்லுவா: "நிலத்தை மட்டும் யாருக்கும் எழுதிக் கொடுத்துடாதே." ரெண்டையும் ஒரே மூச்சில சொல்றா. ரெண்டும் அவ வயித்துல இருந்து வருது. ரெண்டுல ஒண்ணு பொய்னு அவ முகத்தைப் பார்த்துச் சொல்ல எதிரணியில யாருக்கு மனசு வரும்? என்னால முடியாது நடுவரே. வணக்கம்.