விட்ட பாட்டை எடுப்பா!

நடுவர் ஐயா அவர்களே, காரைக்குடிப் பெரியோர்களே, முன்வரிசையைப் பிடித்துவிட்ட ஆச்சிமார்களே, வணக்கம்.

தானே எழுதித் தானே நடிக்கிற நாடகக்காரரை நிலைநிறுத்துவது நடிப்பா, எழுத்தா என்பது கேள்வி. எதிரணி அண்ணன், "வேஷம் கட்டி நிற்பவனுக்குத்தான் மாலை, எழுதியவனை எந்த ஊரில் மேளம் வைத்து அழைத்தார்கள்?" என்று கேட்டுக் கைதட்டல் வாங்கிவிட்டார். மாலை விழும் அண்ணே. மறுநாள் காலையில் அது எங்கே கிடக்கும்?

1867-ல் பிறந்து, நாடகம் எழுதி நடித்த சங்கரதாஸ் சுவாமிகளை எடுத்துக்கொள்வோம். எமன், சனீஸ்வரன் என்று கட்டினால் கூட்டம் நடுங்குமாம். அந்த வேஷத்தில் அவரைப் பார்த்துப் பயந்த ஒரு பெண்ணுக்குக் கருவே கலைந்துபோக, அதோடு வேஷம் கட்டுவதை விட்டார் என்று நாடகக்காரர்கள் சொல்வதுண்டு. அப்பேர்ப்பட்ட நடிப்பு. பார்த்தவர் இங்கே யாராவது கை தூக்குங்கள். அவர் மறைந்தது 1922-ல்.

பாடி நடித்த கிட்டப்பாவை மறந்தோமா என்பீர்கள். மறக்கவில்லை, குரல் இசைத்தட்டில் தங்கியது. அவர் வேலனாக நின்ற நிற்பு எந்தத் தட்டில் இருக்கிறது?

நம் பக்கத்துக் கிராமங்களில் திருவிழாவுக்கு வள்ளி திருமணம் வைக்கிறோமே. நாயகன் வேஷம் கட்டும் ராஜபார்ட் ஒரு ஊர், நாயகி வேஷம் கட்டும் ஸ்திரீபார்ட் ஒரு ஊர், சிரிக்கவைக்கும் பபூன் இன்னொரு ஊர். ஒத்திகை கிடையாது. பத்து மணிக்குத் தொடங்கினால் விடியும்வரை ஒரே கதையாக எப்படி ஓடுகிறது? சுவாமிகள் எழுதிவைத்த பாட்டு எல்லாருக்கும் மனப்பாடம். பாத்திரங்கள் வாதாடும் தர்க்கத்தில் நடிகர் சொந்தச் சரக்கை அவிழ்ப்பார், ஒப்புக்கொள்கிறேன். அவிழ்த்துவிட்டு எங்கே திரும்புகிறார்?

சின்ன வயதில் அப்பத்தா பக்கத்தில் பாயில் படுத்தபடி பார்த்த ஒரு நாடகம். வேலன் வேஷக்காரர் ஒரு பாட்டைத் தாண்டிவிட்டார். முன்னால் உருமால் கட்டி உட்கார்ந்திருந்த கிழவர் எழுந்து, "ஏப்பா, ஒரு பாட்டை முழுங்கிட்டியே, விட்ட பாட்டை எடுப்பா!" என்றார். ஆர்மோனியக்காரர் சிரித்துக்கொண்டே சுருதியைப் பிடித்தார். முருகக் கடவுள் கிரீடத்துக்குள் விரலை விட்டுத் தலையைச் சொறிந்துகொண்டு, விட்ட இடத்துக்கே வந்து பாடினார். சாமியையே திருத்த அந்தக் கிழவருக்குத் தைரியம் எங்கிருந்து வந்தது?

வக்கீலாக இருந்து நீதிபதியான பம்மல் சம்பந்த முதலியார் மேடையில் தாமே மனோகரனாக நின்றவர். 1954-ல் அது படமானபோது வேஷம் சிவாஜிக்குப் போனது. நாடகம் பம்மலாருடையதாகவே இருந்தது.

மேடையில் நின்றதால்தானே அப்படி எழுத வந்தது என்று அடுத்து கேட்பார்கள். சரி, நடிகருக்கு எங்கே மூச்சு வாங்கும் என்பது நடித்தவருக்குத்தான் தெரியும். அது பட்டறை. நம் வீட்டு நிலைக்கதவை வந்து பார்க்கிறவர்கள் பட்டறையைக் காட்டு என்றா கேட்கிறார்கள்?

ஐயா மணியில் கை வைத்துவிட்டீர்கள், உட்கார்ந்துவிடுகிறேன். அடுத்து வரும் எதிரணித் தங்கச்சிக்கு நல்ல குரல். நடிப்பின் பெருமையைச் சொல்ல அவர் கட்டாயம் ஒரு நாடகப் பாட்டை எடுப்பார். எழுதியவர் பெயரையும் சேர்த்துச் சொல்லச் சொல்லுங்கள்.