கல்லூரிக் கடனை அடைத்த கிரயப் பத்திரம்

பல்கலைக்கழகங்களுக்கும் அடிமை வியாபாரத்துக்கும் இருந்த உறவைப் பேச ஆரம்பித்தாலே, “அந்தக் காலத்தில் எல்லாரும் அப்படித்தான்” என்று ஒரு குரல் வரும். வரட்டும். நாம் அமெரிக்காவின் ஜார்ஜ்டவுன் பல்கலைக்கழகம் கல்லூரியாக இருந்த காலத்தில், அதன் கடனுக்குப் பணம் தந்த ஒரே ஒரு பத்திரத்தைப் பிரித்துப் பார்ப்போம்.

1838 ஜூன் 19. ஜார்ஜ்டவுனை நடத்திய கத்தோலிக்கத் துறவற அமைப்பான இயேசு சபையின் மேரிலாந்து மாகாணத் தலைவர் தாமஸ் முலடி, சபையின் தோட்டங்களில் உழைத்த 272 பேரை விற்கக் கையெழுத்திடுகிறார். வாங்கியவர்கள் லூசியானாவின் ஹென்றி ஜான்சனும் ஜெஸ்ஸி பேட்டியும். கிரயம் 1,15,000 டாலர். தலைக்கு ஏறக்குறைய 423 டாலர். கைக்குழந்தையும் இந்தக் கணக்கில் ஒரு தலைதான். பட்டியலின் முதல் பெயர் ஐசக், வயது 65.

முன்பணம் 25,000. மீதி 90,000-க்கு 6 சதவீத வட்டியோடு பத்தாண்டு கெடு. முன்பணத்தில் 8,000, பால்டிமோர் பேராயரோடு இழுபறியாக இருந்த பழைய பாக்கிக்குப் போனது. 17,000 ஜார்ஜ்டவுன் கல்லூரியின் கடனுக்கு. அந்தக் கடன் யார் வைத்தது? இதே முலடி, கல்லூரித் தலைவராக இருந்தபோது கட்டடம் கட்டி வைத்தது.

ரோமிலிருந்த சபையின் உலகத் தலைவர் விற்பனைக்கு அனுமதி தந்தபோதே நிபந்தனை போட்டிருந்தார்: குடும்பங்களைப் பிரிக்காதே, வழிபாட்டுக்கு வழி செய், பணத்தைக் கடனுக்குத் தொடாதே. மூன்றும் காற்றில் போயின. பத்தாண்டு கழித்து லூசியானா தோட்டங்களைப் பார்த்த ஒரு பாதிரியார், இவர்களுக்குக் கோயில் கட்ட ஏற்பாடு செய்யுங்கள் என்று முலடிக்கே எழுத வேண்டியிருந்தது. முலடியின் பதவி போனது உண்மை. சில ஆண்டுகள் ஐரோப்பாவில் இருந்துவிட்டுத் திரும்பி, இன்னொரு கல்லூரிக்கு முதல் தலைவரானார். தண்டனை அவ்வளவுதான்.

இவ்வளவும் எப்படித் தெரிகிறது? கரையோரமாக அடிமைகளை ஏற்றிச்செல்லும் கப்பல், ஒவ்வொருவரின் பெயர், வயது, உயரம், நிறம் எழுதிய பட்டியலைச் சுங்கத்தில் கொடுக்க வேண்டும் என்பது அன்றைய அமெரிக்கச் சட்டம். வெளிநாட்டிலிருந்து அடிமைகளைக் கடத்தி வருவதைத் தடுக்கப் போட்ட சட்டம். 1838 டிசம்பரில் நியூ ஆர்லியன்ஸ் சேர்ந்த ‘கேத்தரின் ஜாக்சன்’ கப்பலின் பட்டியல் இன்றும் இருக்கிறது. அதைக் கிரயப் பத்திரத்தோடும் சபையின் ஞானஸ்நானப் பதிவேடுகளோடும் ஒப்பிட்டுத்தான் வாரிசுகளைத் தேடுகிறார்கள். பெயர்கள் முழுசாகப் பொருந்துவதில்லை. பத்திரத்தில் இருந்த சிலர் ஊரிலேயே தங்கிவிட்டார்கள். அவர்களுக்குப் பதிலாக வேறு ஆட்கள் கப்பலேறினார்கள். ஆய்வாளர்கள் கூட்டிப் பார்த்தால் மொத்தம் 314 பேர் வருகிறார்கள். லூசியானாவுக்குப் போனவர்கள் 206.

ஆனாலும் 272 என்ற எண்தான் நிலைத்துவிட்டது. முலடி பெயரில் இருந்த ஜார்ஜ்டவுன் கட்டடத்திலிருந்து 2015-ல் அந்தப் பெயரை எடுத்தார்கள்; 2017-ல் பட்டியலின் முதல் பெயரான ஐசக் ஹாக்கின்ஸ் பெயரை வைத்தார்கள். 2019-ல் மாணவர்கள் வாக்கெடுப்பு நடத்தி, பருவத்துக்கு ஆளுக்கு 27.20 டாலர் வாரிசுகளுக்குத் தரத் தயார் என்றார்கள். நிர்வாகம் அந்தக் கட்டணத்தை வசூலிக்கவில்லை. நன்கொடை திரட்டித் தருகிறோம் என்றது.