பொறு, எனக்கு ஒன்று தெரிகிறது: கொயுகான் மக்களின் விடுகதைகள்

[திரையில்: வெறும் பனி. எதுவும் அசையவில்லை.]

பொறு, எனக்கு ஒன்று தெரிகிறது: பனி மேலே சின்னச் சின்னக் கரித்துண்டுகள் சிதறிக் கிடக்கின்றன.

என்ன அது? வீடியோவை நிறுத்திவிட்டுக் கொஞ்சம் யோசியுங்கள்.

விடை, டார்மிகன் பறவைகளின் அலகுகள். டார்மிகன் கௌதாரி மாதிரி ஒரு குளிர்தேசப் பறவை. குளிர்காலம் வந்தால் உடம்பு முழுக்க வெள்ளை இறகு முளைத்துவிடும், அப்புறம் ஒரு கூட்டமே பனியில் உட்கார்ந்திருந்தாலும் பறவை தெரியாது, கறுப்பு அலகுகள் மட்டும் அங்கங்கே கரிப்பொட்டு வைத்த மாதிரி தெரியும். பனியில் நின்று, பசியோடு, கண்ணைச் சுருக்கிப் பார்த்த ஒருவரால்தான் இப்படி ஒரு விடுகதையைச் சொல்லியிருக்க முடியும் என்று எனக்குத் தோன்றுகிறது.

[திரையில்: அலாஸ்காவின் வரைபடம், யூக்கான் ஆறும் கொயுகக் ஆறும்]

இதைச் சொன்னவர்கள் கொயுகான் மக்கள். அலாஸ்காவின் உள்நாட்டில், யூக்கான் ஆற்றங்கரையிலும் கொயுகக் ஆற்றங்கரையிலும் நுலாட்டோ, ஹஸ்லியா மாதிரியான ஊர்களில் வாழ்கிறார்கள். வட அதபாஸ்கன் என்கிற பெரிய மொழிக் குடும்பத்தில் இவர்கள் ஒரு கிளை. அலாஸ்காவில் மட்டும் அந்தக் குடும்பத்துக்கு 11 மொழிகள் உண்டு, கனடா பக்கம் இன்னும் நிறைய. ரொம்ப தெற்கே, பாலைவனத்தில் வாழும் நவாஹோ மக்களின் மொழிகூட இதற்குத் தூரத்துச் சொந்தம்தான்.

இவர்களிடம் பேச்சுக்கும் பருவம் உண்டு. பனி விழத் தொடங்கி ஆண்டின் மிக நீண்ட இரவு வரும்வரை கதைக்காலம். அந்த இரவு வரும் டிசம்பர் மூன்றாம் வாரத்தில் அங்கே பகல் நாலு மணி நேரம்கூட நீடிக்காது. எல்லோரும் படுத்த பிறகு, விளக்கை அணைத்துவிட்டு, இருட்டிலேயே கதை சொல்வார்கள். கதை முடிந்ததும் சொல்பவர் ஒரு வழக்கமான வரி சொல்வார்: குளிர்காலம் இப்போதுதான் தொடங்கியது என்று நினைத்தேன், பார்த்தால் அதில் ஒரு துண்டைக் கடித்துத் தின்றுவிட்டேன். கதையே குளிர்காலத்தைக் குறைக்கும் என்பது நம்பிக்கை. அந்த நீண்ட இரவு தாண்டி, பகல் கொஞ்சம் கொஞ்சமாக நீளத் தொடங்கிய பிறகுதான் விடுகதைக்கு நேரம். அதற்கு முன்னால் விடுகதை போடுவது சரியில்லை.

இந்த விடுகதைகளை நாம் இன்று படிக்க முடிவதற்குக் காரணம், ஜூல்ஸ் ஜெட்டே என்கிற பாதிரியார். 1898இல் அங்கே போனவர், மக்களின் மொழியைக் கற்றுக்கொண்டு சொல் சொல்லாக எழுதி வைத்தார், 1927இல் இறந்தும் போனார். அந்தக் கையெழுத்துப் பிரதிகளைப் பல வருடங்கள் உட்கார்ந்து சரிபார்த்து, விரித்து, பெரிய அகராதியாக ஆக்கியவர் எலைசா ஜோன்ஸ், அவரே கொயுகான் பெண்மணி. அது அச்சாகி வந்தது 2000இல். ஆயிரம் பக்கத்துக்கு மேல் இருக்கும் அகராதி அது. இறந்தவரின் குறிப்பேடும் உயிரோடு இருப்பவர்களின் நாக்கும் சேர்ந்து உண்டாக்கிய புத்தகம் என்பதால் எனக்கு அதன் மேல் தனி மரியாதை.

சரி, அடுத்தது. பொறு, எனக்கு ஒன்று தெரிகிறது: வெகு தூரத்தில் ஒரு தீ பளிச்சென்று இறங்கி வருகிறது.

[ஐந்து நொடி மௌனம்]

சிவப்பு நரி. புதர்களுக்கு நடுவே ஓடி வரும்போது ஒரு கணம் தெரிந்து மறையும் அந்த நிறம்.

இரண்டிலுமே விலங்கின் பெயர் வரவில்லை, கவனித்தீர்களா? விடுகதை என்றால் அப்படித்தானே என்று கேட்கலாம். ஆனால் இவர்கள் வேட்டையிலும் இப்படித்தான் பேசுகிறார்கள். இலையுதிர்காலத்தில் கருங்கரடி குழிக்குள் தூங்கப் போகும். ஒருவர் அந்தக் குழியைக் கண்டுபிடித்துவிட்டார் என்று வையுங்கள். வீட்டுக்கு வந்து கரடியைப் பார்த்தேன் என்று சொல்ல மாட்டார், ஒரு குழியில் என்னவோ பார்த்தேன் என்பார், அவ்வளவுதான். கேட்பவருக்குப் புரிந்துவிடும். கரடியை அடித்தே தீருவேன் என்று பெருமை பேசினால் இன்னும் மோசம், ஏனென்றால் விலங்குக்கு ஆவி உண்டு, நாம் பேசுவது அதன் காதில் விழும், மதிக்காதவனுக்கு அது தன்னைக் கொடுக்காது. இப்படிச் செய்யக்கூடாதவை எல்லாவற்றுக்கும் சேர்த்து ஹுட்லானி என்று ஒரு சொல் வைத்திருக்கிறார்கள். வேட்டையாடிய கரடியின் கண்களைக் கீறிவிடுவதும் இந்த அச்சத்தால்தான். மனிதர்கள் ஏதாவது தவறு செய்தால் அதன் ஆவி பார்த்துவிடக் கூடாது.

அதனால் விடுகதை என்பது குளிர்கால விளையாட்டு மட்டும்தான் என்று நான் நினைக்கவில்லை. பெயரைச் சொல்லாமல் ஒரு உயிரைக் காட்டுவதற்குப் பிள்ளைகளுக்கு அது நல்ல பயிற்சி.

மூன்றாவது. எனக்கு மிகவும் பிடித்தது.

பொறு, எனக்கு ஒன்று தெரிகிறது: சிவப்புப் படகுகளில் நாங்கள் ஆற்றை எதிர்த்து வருகிறோம்.

[திரையில்: கலங்கிய ஆறு, நீருக்குள் சிவப்பு நிழல்கள்]

சால்மன் மீன்கள். கடலில் வெள்ளி மாதிரி மின்னும் மீன், முட்டையிட ஆற்றில் ஏற ஏறச் சிவந்துபோகும். இதைத் தமிழில் சொல்லும்போது 'நாங்கள்' என்றுதான் போட வேண்டும், 'நாம்' என்று போட முடியாது. பேசுவது மீன், கேட்பவர் அந்தப் படகில் இல்லை, கரையில் நிற்கிறார்.

ஏன் எதிர்த்து வர வேண்டும் என்பதற்கும் ஒரு கதை உண்டு. உலகத்தைப் படைத்தது அண்டங்காக்கை. முதலில் அது ஆற்றை இரண்டு பக்கமும் ஓடும்படி செய்திருந்தது, ஒரு கரையோரம் மேலே, இன்னொரு கரையோரம் கீழே, போக வர துடுப்பே தேவையில்லை. மனிதர்களுக்கு வாழ்க்கை இவ்வளவு சுலபமாக இருக்கக் கூடாது என்று அப்புறம் மாற்றிவிட்டதாம்.

கோடையில் குடும்பங்கள் ஆற்றோர மீன் முகாமுக்குப் போய்விடும். ஆற்றில் ஒரு பெரிய மரச்சக்கரம் மிதக்கும், நீரோட்டமே அதைச் சுற்றும், சக்கரத்தின் கூடைகள் கரையோரம் ஏறி வரும் மீனை அள்ளிப் பக்கத்துப் பெட்டியில் போடும். இந்தச் சக்கரம் ரொம்பப் பழையது இல்லை, 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்தது. பிடித்த மீனை வால் விட்டுப்போகாமல் இரண்டாகப் பிளந்து, மரக்கொம்பின் மேல் இரண்டு பக்கமும் தொங்கும்படி போட்டுக் காயவைத்துப் புகையூட்டுவார்கள். சினூக் என்கிற பெரிய சால்மனை நீள நீளப் பட்டைகளாகவும் அறுப்பார்கள், சம் என்கிற இன்னொரு வகை பெரும்பாலும் வண்டி இழுக்கும் நாய்களுக்கு. பாட்டி அறுப்பதைப் பேத்தி பக்கத்தில் நின்று பார்த்துத்தான் கற்றுக்கொள்ள வேண்டும், வேறு வழியே இல்லை.

[திரையில்: காலியான உலர்த்தும் கொம்புகள்]

அந்த மீன் இப்போது வருவது மிகவும் குறைந்துவிட்டது. கடலும் ஆறும் சூடாகின்றன, மீனுக்கு நோய் வருகிறது, அலாஸ்காவுக்கு மேற்கே உள்ள பெரிங் கடலில் பெரிய இழுவைக் கப்பல்களின் வலையில் வேறு மீனோடு சால்மனும் சிக்குகிறது. எதன் பங்கு எவ்வளவு என்று இன்னும் வாக்குவாதம் நடக்கிறது. 2024 ஏப்ரலில் அலாஸ்காவும் கனடாவும் ஒரு ஒப்பந்தம் செய்து, யூக்கான் ஆற்றில் சினூக் பிடிப்பதை ஏழு வருடத்துக்கு நிறுத்திவிட்டன. ஏழு வருடம் என்பது சினூக் தலைமுறை ஒன்றின் முழுச் சுற்று, பிறந்து கடலுக்குப் போய்த் திரும்பி வரும் காலம்.

அந்த ஊர்களில் 2024இல் பிறந்த குழந்தை பள்ளிக்கூடம் போய் எழுதப் படிக்கத் தெரிந்துகொள்ளும் வரை இந்தத் தடை இருக்கும். நடுவில் ஒரு குளிர்கால இரவில் யாராவது அந்தக் குழந்தையிடம், சிவப்புப் படகுகளில் நாங்கள் ஆற்றை எதிர்த்து வருகிறோம் என்று விடுகதை போட்டால், விடையையும் அவர்களேதான் சொல்லித்தர வேண்டியிருக்கும்.