செயற்கைக்கோள் தொலைக்காட்சி மென்பொருளும் செருகுநிரல்களும்

நேயர்களுக்கு வணக்கம். கணினியில் டியூனர் அட்டையைப் பொருத்தி, டிஷ் ஆண்டெனாவின் கேபிளை அதில் இணைத்துச் செயற்கைக்கோள் ஒளிபரப்பைக் காண்பவர்கள், பதிவு, டெலிடெக்ஸ்ட் என்னும் எழுத்துச் செய்திப் பக்கங்கள், நிகழ்ச்சி நிரல் என ஒவ்வொரு வசதிக்கும், மென்பொருளுடன் கூடுதலாக இணையும் சிறு நிரலான செருகுநிரல் (பிளகின்) ஒன்றைச் சேர்த்துக்கொண்டே போவதுண்டு. அவ்வாறு சேர்க்கும் முன், அது மென்பொருளுக்குள் எங்கே அமர்ந்து என்ன செய்கிறது என்பதைத் தெரிந்துகொள்வது மிகவும் அவசியம் என்று நான் கருதுகிறேன்.

டியூனர் அட்டை மென்பொருளிடம் ஒப்படைப்பது ஆயத்தமான படத்தை அன்று. 188 பைட் நீளமுள்ள சிறு பொட்டலங்களின் இடைவிடாத வரிசையைத்தான். ஒவ்வொரு பொட்டலமும் 71 என்ற மதிப்புடைய பைட்டுடன் தொடங்கும். அதன் தலைப்பகுதியிலேயே, அது படத்துக்குரியதா, ஒலிக்குரியதா, எந்தச் சேனலுக்குரியதா என்பதைப் பிரித்தறிய உதவும் பிஐடி என்னும் 13 பிட் எண்ணும் இருக்கும். செருகுநிரல் தனக்கு வேண்டிய எண்ணைச் சொன்னால், மென்பொருள் அந்தப் பொட்டலங்களை மட்டும் பிரித்து அதனிடம் கொடுக்கும். டிவிபி என்னும் டிஜிட்டல் ஒளிபரப்பு முறையில் நிகழ்ச்சி நிரல் 18ஆம் பிஐடி எண்ணில் வருவதால், அதைத் திரட்டும் செருகுநிரலுக்குப் படத்தைத் தொட வேண்டிய வேலையே இல்லை.

விண்டோஸில் செருகுநிரல்கள் பெரும்பாலும் டிஎல்எல் என்னும் நிரல் நூலகக் கோப்புகளாகவும், லினக்ஸில் பகிர்வு நூலகங்களாகவும் மென்பொருளுக்குள்ளேயே ஏற்றப்படுகின்றன. ஆகவே செருகுநிரல் நிலைகுலைந்தால், அத்துடன் மென்பொருளும் நின்றுபோகும். நடந்துகொண்டிருந்த பதிவும் பாதியில் அறுந்துவிடும். 32 பிட் செருகுநிரல் 64 பிட் மென்பொருளில் ஏறாது. லினக்ஸுக்கான விடிஆர் என்னும் தொலைக்காட்சி மென்பொருளில், செருகுநிரல் கோப்பின் பெயரின் இறுதியிலேயே அது எந்தப் பதிப்புக்கு உரியது என்ற எண் இடம்பெற்றிருக்கும். பதிப்பு மாறியபின் பழைய கோப்பை அந்த மென்பொருள் ஏற்றாது. இந்தக் கண்டிப்பு எனக்கு மிகவும் பிடித்த ஒன்று.

கட்டணச் சேனல்களைத் திறந்துகாட்டுவதாகச் சொல்லிப் பரப்பப்படும் செருகுநிரல்களை நேயர்கள் அறவே தவிர்க்க வேண்டும். சட்டச் சிக்கல் ஒருபுறமிருக்க, யார் எழுதியது என்றே தெரியாத ஒரு நிரலை நம் கணினிக்குள் நாமே அழைத்துவந்து அமர்த்துகிறோம் என்பதையும் எண்ணிப் பார்க்க வேண்டும். முறையாகச் சந்தா செலுத்தியவர்கள், ஒளிபரப்பு நிறுவனம் அதற்கு இடமளிக்குமானால், சந்தா அட்டையையும், அதைச் செருகிக் கட்டணச் சேனலின் பூட்டை அவிழ்க்கும் காம் கருவியையும் பயன்படுத்துவதே சரியான வழி.

படம் கட்டம் கட்டமாகச் சிதறும்போது பலர் உடனே டிஷ்ஷைத் திருப்பத் தொடங்கிவிடுகிறார்கள். அதற்கு முன், எல்லாச் செருகுநிரல்களையும் வேறொரு கோப்புறைக்கு மாற்றிவிட்டு, அதே சேனலைச் சிறிது நேரம் ஓடவிட்டுப் பாருங்கள். பொட்டலங்களில் படத்துக்கும் ஒலிக்கும் தனித்தனியே 0 முதல் 15 வரை சுழன்று வரும் வரிசை எண் ஒன்று உண்டு. பல மென்பொருள்கள் அதில் ஏற்படும் விடுபடல்களைக் கணக்கிட்டுக் காட்டும். செருகுநிரல்களை நீக்கிய பின்னும் அந்தக் கணக்கு ஏறிக்கொண்டே போனால், கேபிள், டிஷ்ஷின் முன்னே பொருத்தப்பட்டு அலைகளைப் பெறும் எல்என்பி, டிஷ் ஆகியவற்றைத்தான் முதலில் சோதிக்க வேண்டும். ஏறுவது நின்றுவிட்டால், செருகுநிரல்களை ஒவ்வொன்றாக மீண்டும் சேர்த்து வாருங்கள். எதைச் சேர்த்ததும் விடுபடல் திரும்புகிறதோ, அதன் பொருத்தமான பதிப்பைத் தேடி நிறுவுங்கள், கிடைக்காவிட்டால் அதை நீக்கிவிடுங்கள்.