கிட்னி மாற்றியவருக்குக் கண் மங்கினால் குளிசையை நிறுத்தலாமா? (சந்தேகங்களுக்கு விளக்கம்)

வணக்கம். இன்றைக்கு நாலைந்து கேள்விகளை எடுக்கலாம் என்றுதான் உட்கார்ந்தேன். ஆனால் வத்தளையிலிருந்து ஒரு தங்கச்சி அனுப்பிய கேள்வி போன கிழமை முழுக்க மண்டையைக் குடைந்துகொண்டே இருந்தது. அதை முதலில் முடிக்கிறேன். நேரம் மிஞ்சினால் மற்றவை.

அவர் எழுதியதைச் சுருக்கிச் சொல்கிறேன். "ஐயா, என் தம்பிக்கு 41 வயது. நாலு வருடத்துக்கு முன் கிட்னி மாற்றினார்கள். டக்ரோலிமஸ், மைகோஃபெனோலேட், பிரெட்னிசோலோன் மூன்றும் எடுக்கிறார். இரண்டு மாதமாக இடது கண் மங்கல். கண்ணாடிக் கடையில் பவர் மாறவில்லை என்கிறார்கள். கண் கிளினிக்கில் பார்த்த டொக்டர், பார்வை நரம்பு வெளிறியிருக்கிறது, கிட்னிக்கு எடுக்கிற மருந்தாலும் அப்படி வரலாம் என்றாராம். அன்றிலிருந்து தம்பி குளிசையை நிறுத்தப் போகிறேன் என்கிறான். நிறுத்தலாமா?"

நிறுத்தக்கூடாது. மற்றதெல்லாம் பிறகு. தங்கச்சி, இந்த வீடியோவை இதோடு மூடினாலும் பரவாயில்லை, தம்பியிடம் இதைச் சொல்லிவிடுங்கள். அந்த மூன்று குளிசையும் உடம்பின் எதிர்ப்புச் சக்தியை அடக்கி வைக்கிறவை. கிட்னி கிளினிக்கில் கேட்காமல் டக்ரோலிமஸை விட்டால், உடம்பு அந்தக் கிட்னியை வேற்றுப் பொருள் என்று கண்டு தாக்கத் தொடங்கும். அது சில நாட்களிலேயே நடக்கலாம். பிறகு கண்ணும் மங்கல், கிட்னியும் போய்விட்டது, மறுபடி டயாலிசிஸ். மருந்தை மாற்ற வேண்டுமானால் கிளினிக்கில் மாற்றுவார்கள். ஒன்றைக் குறைத்து இன்னொன்றைக் கூட்டி, இரத்தத்தைப் பார்த்துப் பார்த்துச் செய்கிற வேலை அது. வீட்டில் செய்கிற வேலை இல்லை.

சரி, அந்த டொக்டர் சொன்னது உண்மையா? உண்மைதான். அந்த மூன்றில் டக்ரோலிமஸ், கண்ணையும் மூளையையும் இணைக்கிற பார்வை நரம்பைப் பாதிக்கலாம். ஆனால் மிக அரிது. நான் மருந்தகத்தில் இருந்த காலத்தில் இந்தக் குளிசையை எடுத்துப் போனவர்களில் கண் மங்கல் என்று வந்தவர்கள் நிறையப் பேர். அவர்களில் பெரும்பாலானோருக்குக் காரணம் வேறு. அதற்கு வருகிறேன்.

முதலில் இந்த மருந்தின் கதையைச் சொல்லாமல் எனக்குப் பொறுக்காது. முன்பே கேட்டவர்கள் மன்னிக்க வேண்டும். 1984இல் ஜப்பானில் சுகுபா மலைப் பக்கத்து மண்ணில் இருந்த ஒரு கிருமியிலிருந்து எடுத்தது டக்ரோலிமஸ். அதே வேலையைச் செய்கிற, அதற்கு முந்திய சைக்ளோஸ்போரினும் மண்ணில் கிடைத்ததுதான், நோர்வேயின் மலைப் பீடபூமி ஒன்றில் 1969இல் அள்ளிய மண்ணில் இருந்த பூஞ்சை. சிரோலிமஸ் என்ற இன்னொன்று ஈஸ்டர் தீவு மண்ணிலிருந்து வந்தது. ஒருவருடைய கிட்னி இன்னொருவர் உடம்பில் இத்தனை வருடம் வேலை செய்வதற்கு மூன்று பிடி மண் காரணம் என்றால், எனக்கு இன்றைக்கும் அது பெரிய அதிசயம். டக்ரோலிமஸை அமெரிக்காவில் பிட்ஸ்பர்க்கில் தோமஸ் ஸ்டார்ஸில் 1989இல் ஈரல் மாற்றியவர்களுக்குக் கொடுத்துப் பார்த்தார். 1994இல் அங்கே அனுமதி கிடைத்தது.

நல்ல மருந்து, ஆனால் பொல்லாத மருந்து. நல்ல அளவுக்கும் நஞ்சாகிற அளவுக்கும் நடுவில் இடைவெளி மிகக் குறைவு. அதனால்தான் காலைக் குளிசைக்கு முன்பு இரத்தம் எடுத்து அளவு பார்க்கிறார்கள். சிலர் கிளினிக் வரிசையில் நிற்கும்போதே குளிசையைப் போட்டுவிட்டுப் பிறகு இரத்தம் கொடுக்கிறார்கள். அந்த அளவு ஒன்றுக்கும் உதவாது. முதலில் இரத்தம், பிறகு குளிசை.

இந்த மருந்து இரத்தக் குழாய்களைச் சுருக்கும். கை நடுங்குவது, பிரஷர் ஏறுவது, தலையிடி எல்லாம் அடிக்கடி காண்கிற பக்க விளைவுகள். நரம்பு மண்டலத்தையும் தொடும். பார்வை நரம்பு கெடுவதற்கும் இரண்டு வழிகளைச் சொல்கிறார்கள்: குழாய் சுருங்கி நரம்புக்கு இரத்தம் குறைவது, அல்லது மருந்து நரம்பிழைகளையும் அவற்றின் உறையையும் நேராகவே கெடுப்பது. பெரும்பாலும் வலி இருக்காது. மருந்து தொடங்கிச் சில மாதத்திலும் வரலாம், பல வருடம் கழித்தும் வரலாம். இன்னொன்றையும் கவனியுங்கள்: இரத்தத்தில் அளவு சரியாக இருந்தவர்களுக்கும் இது வந்திருக்கிறது. "லெவல் நோர்மல், அப்ப மருந்தாக இருக்காது" என்று யாராவது சொன்னால் அதை அப்படியே எடுக்க முடியாது. மருந்தை மாற்றிய பிறகு சிலருக்குப் பார்வை திரும்பியிருக்கிறது, சிலருக்குத் திரும்பவில்லை. காத்திருக்கக் கூடாது என்பதற்கு அது போதும்.

ஆனால் இந்த நோயை உறுதிப்படுத்த ஒரு தனிப் பரிசோதனை கிடையாது. மற்ற எல்லாவற்றையும் பார்த்து இல்லை என்று ஒதுக்கிய பிறகுதான் மருந்தின் மேல் கையை வைப்பார்கள். தம்பிக்கு ஒரு கண்ணில் மட்டும் என்பதால் அந்தத் தேடல் இன்னும் முக்கியம். மருந்தால் என்றால் இரண்டு கண்ணுக்கும் வரும் என்றுதான் முதலில் நினைப்போம். ஒன்றில் தொடங்கி மற்றதற்குப் போனதும் உண்டு. ஆனால் ஒரு கண் என்றால், நரம்பின் முனைக்கு இரத்தம் தடைப்பட்டிருக்கலாம். பிரஷர், சீனி உள்ளவர்களுக்கு அது வர வாய்ப்புக் கூட. அப்படி வந்தால் காலையில் எழும்பும்போது திடீரென்று பாதித் திரை விழுந்த மாதிரி இருக்கும். மூளைக்காய்ச்சல் வகைக் கிருமித் தொற்றுகளும் உண்டு. எதிர்ப்புச் சக்தியை அடக்கி வைத்த உடம்பில் அவை சத்தமில்லாமல் நுழையும். ஆகவே எம்.ஆர்.ஐ. எடுக்கச் சொல்வார்கள், சிலருக்கு முதுகில் நீர் எடுக்கச் சொல்வார்கள். பயந்து மறுக்க வேண்டாம்.

இப்போது, தங்கச்சி கேட்காத கேள்விக்கு வருகிறேன். அவர் இதைத்தான் கேட்டிருக்க வேண்டும் என்பது என் ஆசை: "ஐயா, இதை ஏன் இரண்டு மாதம் கழித்துக் கண்டுபிடித்தோம்?"

இந்தச் சனலைத் தொடர்ந்து பார்ப்பவர்களுக்கு நான் என்ன சொல்லப் போகிறேன் என்று தெரியும். ஒரு கண்ணை மூடிப் பாருங்கள். குளுக்கோமா என்கிற கண் அழுத்த நோய் பற்றிக் கதைத்தபோதும் சொன்னேன், சீனி வருத்தம் பற்றிக் கதைத்தபோதும் சொன்னேன், இனியும் சொல்வேன். இரண்டு கண்ணும் திறந்திருந்தால் நல்ல கண் கெட்ட கண்ணின் வேலையையும் சேர்த்துச் செய்துவிடும். நமக்குத் தெரியவே தெரியாது. தெகிவளையில் எனக்குத் தெரிந்த ஒருவர், கிட்னி மாற்றினவர்தான், கண் அரித்ததால் ஒரு கண்ணைக் கசக்கும்போதுதான் மற்றக் கண்ணில் சுவர்க் கலண்டரே தெரியவில்லை என்று கண்டார். எத்தனை மாதமாக அப்படி இருந்ததோ! அவரும் கண்ணாடிக் கடைக்குத்தான் முதலில் போனார். வயர் கருகிக் கிடக்கும்போது பல்பை மாற்றிக்கொண்டிருப்பதைப் போலத்தான் அது.

எப்படிச் செய்வது? கண்ணாடி போடுகிறவர்கள் போட்டுக்கொண்டே செய்யுங்கள். உள்ளங்கையால் ஒரு கண்ணை மூடி, கலண்டரில் ஒரே திகதியைப் பாருங்கள். பிறகு மற்றக் கண். எழுத்து தெரிகிறதா என்பதோடு நிறத்தையும் பாருங்கள். பார்வை நரம்பு கெடும்போது நிறம் வெளிறும், அதிலும் சிவப்பு. கொழும்பில் காலி வீதியில் நின்றால் சிவப்பு இ.போ.ச. பஸ் ஒன்று வராமலா போகும்? இடது கண்ணால் ஒருமுறை, வலது கண்ணால் ஒருமுறை. ஒன்றில் சிவப்பாகவும் மற்றதில் பழுப்பேறினது போலவும் தெரிந்தால் கண்ணாடிக் கடைக்குப் போகவேண்டாம், கண் வைத்தியரிடம் போங்கள். கிழமைக்கு ஒருமுறை செய்தால் போதும். வீதிக் கரையில் நின்று செய்யுங்கள், கடக்கும்போது செய்யாதீர்கள். நான் சொல்லித்தான் அடிபட்டார்கள் என்று வேண்டாம்.

வைத்தியரும் பெரிய மிஷினோடு தொடங்குவதில்லை. கெட்டிக்காரக் கண் வைத்தியர் ஒருவர் ஒரு சின்ன டோர்ச்சை இந்தக் கண்ணுக்கும் அந்தக் கண்ணுக்கும் மாறி மாறிக் காட்டி, கண்மணி சுருங்குகிற விதத்தை வைத்தே நரம்பில் கோளாறு என்று சொன்னதைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். அதன் பிறகுதான் நிறம் தெரிகிறதா என்று பார்க்கிற நிறப் புள்ளிப் புத்தகம், பார்வைப் பரப்புப் பரிசோதனை, கண்ணின் பின்பக்கத்தைப் படம் பிடிக்கிற ஓ.சி.டி. ஸ்கேன்.

கண் மங்குவதற்கு வேறு காரணங்கள் என்றேனே. கிட்னி மாற்றினவர்களிடம் முதலாவது பிரெட்னிசோலோன். நாள்பட எடுத்தால் கண்ணில் புரை வரும், கண்ணுக்குள் அழுத்தமும் ஏறலாம். புரையை எடுத்து வில்லை வைத்துவிடலாம். அழுத்தம் அப்படியல்ல, வலியில்லாமல் இதே பார்வை நரம்பைத்தான் தின்னும், போனது திரும்பாது. அப்புறம், டக்ரோலிமஸும் பிரெட்னிசோலோன் போன்ற ஸ்டீரோய்டும் சேர்ந்தால் புதிதாகச் சீனி வருத்தம் தொடங்கலாம். அது விழித்திரையைக் கெடுக்கும். எதிர்ப்புச் சக்தி அடங்கியவர்களைத் தாக்குகிற சி.எம்.வி. என்ற வைரஸும் விழித்திரையில் வரலாம், கண்முன் புகைப்புள்ளிகள் மிதக்கிற மாதிரி இருக்கும்.

இன்னொன்று, நம் நாட்டில் மறக்கவே கூடாதது, காசநோய் மருந்து. எதிர்ப்புச் சக்தி அடங்கியவர்களுக்குக் காசம் சுலபமாக வரும். அதற்குக் கொடுக்கிற எதாம்பியூட்டோல் பார்வை நரம்பைக் கெடுப்பதில் பேர்போனது. அது சிறுநீரகம் வழியாக வெளியேறுவதால், கிட்னி பலவீனமாக இருந்தால் உடம்பில் தங்கிவிடும். அதோடு சேர்த்துக் கொடுக்கிற ரிஃபாம்பிசின் டக்ரோலிமஸின் அளவை மளமளவென்று இறக்கிவிடும். மார்பு நோய் கிளினிக்கில் ஒரு குளிசை எழுத, கிட்னி கிளினிக்குக்குத் தெரியாமல் போக, நடுவில் மாட்டுவது நோயாளர்தான். தங்கச்சி, தம்பி கடைசி ஒரு வருடத்தில் காச மருந்து எடுத்தாரா என்று கேளுங்கள்.

டக்ரோலிமஸின் அளவைக் கூட்டுகிற பக்கமும் உண்டு. கிருமிக்குக் கொடுக்கிற கிளாரித்ரோமைசின், பூஞ்சைக்குக் கொடுக்கிற ஃப்ளூகொனசோல் இரண்டும் டக்ரோலிமஸை ஏற்றிவிடும். கிரேப்ஃபுரூட்டும் பம்பளிமாஸும் ஏற்றும். கடும் வயிற்றோட்டம் வந்தால்கூட அளவு ஏறும், குறையும் என்றுதானே நினைப்போம்? 2022இல் மருந்துத் தட்டுப்பாடு வந்தபோது கிடைத்த பிராண்டை வாங்கிப் போட்டவர்கள் பலர். வேறு வழியில்லை, குறை சொல்லவில்லை. ஆனால் பிராண்ட் மாறினால் கிளினிக்கில் சொல்லி அளவு பார்க்க வேண்டும். ஒரு நாளுக்கு ஒருமுறை எடுக்கிற வகையும் இருமுறை எடுக்கிற வகையும் ஒன்றல்ல.

ஒரு அவசர நிலையையும் சொல்லிவிடுகிறேன். கடும் தலையிடி, பிரஷர் ஏற்றம், வலிப்பு, அதோடு இரண்டு கண்ணும் திடீரென்று இருண்டால் அது பெரும்பாலும் பார்வை நரம்பு அல்ல, மூளையின் பின்பகுதி வீங்குவது. 1996இல்தான் அதைத் தனி நோயாக விவரித்தார்கள். அதற்கும் டக்ரோலிமஸ், சைக்ளோஸ்போரின் இரண்டும் காரணமாகலாம். உடனே வைத்தியசாலைக்குக் கொண்டுபோனால் பெரும்பாலானோருக்குப் பார்வை திரும்பிவிடும். கிளினிக் நாளுக்காகக் காத்திருக்கக் கூடாது.

கீழே ஒருவர் கேட்டிருந்தார்: நரம்பு போனால் கண்ணையே மாற்ற முடியாதா? கண் தானம் என்று இங்கே 1961இல் டொக்டர் ஹட்சன் சில்வா சங்கம் தொடங்கி நாடு நாடாகக் கண்களை அனுப்பினாரே, அதில் மற்றவருக்குப் பொருத்துவது கண்ணின் முன்பக்கத்துக் கண்ணாடி போன்ற விழிவெண்படலத்தை (கோர்னியா) மட்டும்தான். அதில் இரத்தக் குழாய் இல்லை, ஆகவே பெரும்பாலும் சொட்டு மருந்தே போதும், டக்ரோலிமஸ் குளிசை தேவைப்படாது. முழுக் கண்ணை 2023இல் நியூயோர்க்கில் ஒருவருக்கு வைத்தார்கள். கண் உயிரோடு இருந்தது, பார்வை வரவில்லை. பத்து இலட்சத்துக்கு மேற்பட்ட நரம்பிழைகளை மூளையோடு இணைக்க இன்றைக்கு வழியில்லை.

மறுபடி தம்பியிடம் வருகிறேன். கண் கிளினிக் அட்டையின் பிரதியைக் கிட்னி கிளினிக்குக்கும், குளிசை முழுப் பட்டியலைக் கண் கிளினிக்குக்கும் கொண்டுபோங்கள். இரண்டு இடமும் தாங்களாகப் பேசிக்கொள்ளும் என்று இருக்காதீர்கள், அங்கே ஒரு டொக்டருக்கு எத்தனை நோயாளர் என்று நமக்குத் தெரியும். கிட்னி டொக்டரிடம் நேராகவே கேளுங்கள்: "கண் டொக்டர் நரம்பு வெளிறியிருக்கிறது என்கிறார், டக்ரோலிமஸுக்குப் பதில் வேறு மருந்து கொடுக்க முடியுமா, அல்லது வேறு காரணம் தேட வேண்டுமா?" சைக்ளோஸ்போரினுக்கோ சிரோலிமஸ் வகைக்கோ மாற்றுவதை அவர்கள் யோசிப்பார்கள். சைக்ளோஸ்போரினும் சிலருக்குப் பார்வை நரம்பில் கை வைக்கும் என்பதால் எது பொருந்தும் என்பதை அவர்களே முடிவு செய்யட்டும். அடுத்த கிளினிக் நாள் தூரமாக இருந்தால் காத்திருக்க வேண்டாம், இந்தக் கிழமையே போங்கள். ரிப்போர்ட்டுகளைப் படம் எடுத்து எனக்கு அனுப்ப வேண்டாம், என்னால் அதைப் பார்த்து மருந்து மாற்ற முடியாது.

நேரம் போய்விட்டது. மட்டக்குளியில் இருந்து வந்த மூட்டுவலிக் கேள்வியை அடுத்த கிழமைக்கு வைத்திருக்கிறேன்.