ஹெர்மிஸ் கப்பலை மூழ்கடித்தது சீரோ விமானமா? – நேயர் கேள்விக்கு விளக்கம்

வணக்கம். இன்றைக்கு ஒரே ஒரு கேள்வியைத்தான் எடுத்துக்கொள்கிறேன். மட்டக்களப்பிலிருந்து ஒரு நேயர் எழுதியிருக்கிறார். அப்படியே வாசிக்கிறேன்: “ஐயா, எங்கள் ஊர்க் கடலில் ஹெர்மிஸ் என்ற பிரிட்டிஷ் கப்பல் மூழ்கிக் கிடக்கிறது. அதை ஜப்பானின் சீரோ விமானம் மூழ்கடித்தது என்று சிறு வயதிலிருந்து கேட்டு வருகிறேன். உண்மையா? சீரோ அமெரிக்க விமானத்தைப் பார்த்துக் காப்பியடித்தது என்கிறார்களே, அதுவும் உண்மையா? அவ்வளவு பெயர் வாங்கிய விமானம் பிறகு ஏன் அப்படித் தோற்றது?”

ஒன்றுக்குள் மூன்று கேள்விகள். முதல் கேள்விக்கு விடை சுருக்கமானது. இல்லை, சீரோ இல்லை.

1942 ஏப்ரல் 9 அன்று ஹெர்மிஸைத் தாக்கியவை ஐச்சி நிறுவனம் தயாரித்த 99-ஆம் வகை விமானங்கள். நேச நாட்டினர் அவற்றுக்கு வைத்த பெயர் ‘வால்’. இருவர் அமரும் விமானம் அது. சக்கரங்கள் உள்ளே மடங்காமல் கொக்கின் கால் மாதிரி தொங்கிக்கொண்டிருக்கும். பார்ப்பதற்குப் பழைய காலத்து விமானம் போலத்தான் தெரியும். ஆனால் உயரத்திலிருந்து ஏறக்குறைய செங்குத்தாகப் பாய்ந்து, 250 கிலோ குண்டைக் குறி தவறாமல் போட்டுவிட்டு நிமிர்ந்து போய்விடும். நான்கு நாள் முன்னால், ஏப்ரல் 5 ஈஸ்டர் ஞாயிறன்று, இலங்கைக்குத் தெற்கே கார்ன்வால், டார்செட்ஷயர் என்ற இரண்டு பெரிய போர்க்கப்பல்களை இதே விமானங்கள் சுமார் இருபது நிமிடத்தில் கடலுக்கு அடியில் அனுப்பியிருந்தன. ஹெர்மிஸ் விமானந்தாங்கிக் கப்பல்தான். ஆனால் அன்றைக்கு அதன் தளத்தில் ஒரு விமானம்கூட இல்லை. கப்பலின் தலைவர் உட்பட 300 பேருக்கு மேல் இறந்தார்கள்.

அப்படியானால் சீரோ எங்கே இருந்தது? கொழும்பிலும் திருகோணமலையிலும் துறைமுகங்களைத் தாக்க வந்த குண்டுவீச்சு விமானங்களுக்குக் காவலாகப் பறந்தது. கொழும்பு வானில் பிரிட்டனின் ஹரிக்கேன் விமானங்கள் அதனிடம் சிக்கிப் பெரும் இழப்பைச் சந்தித்தன. அந்த நேரம் பார்த்துத் திருகோணமலைப் பக்கமிருந்து வந்து சேர்ந்த ஆறு பிரிட்டிஷ் ஸ்வார்ட்ஃபிஷ் விமானங்கள் இருக்கின்றனவே, துணி போர்த்திய இரட்டை இறக்கை விமானங்கள், ஆறையும் சீரோக்கள் வீழ்த்திவிட்டன. பார்த்தவர்கள் வாயில் அந்தப் பெயர்தான் நின்றது. பிறகு ஜப்பான் விமானம் எதைச் செய்தாலும் சீரோ செய்தது என்றாகிவிட்டது. உங்கள் ஊர்ப் பெரியவர்களைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. போரின்போது அமெரிக்க மாலுமிகளே வானத்தில் சிவப்பு வட்டம் தெரிந்தால் “சீரோ” என்றுதான் கத்தினார்கள்.

இந்த இடத்தில் ஒரு விஷயத்தைச் சொல்லாமல் நகர எனக்கு மனம் வரவில்லை. அடித்தளத்திலிருந்தே விமானந்தாங்கியாக வரையப்பட்டுக் கட்டத் தொடங்கிய உலகின் முதல் கப்பல் ஹெர்மிஸ். ஆனால் அது வேலை முடிந்து கடற்படையில் சேர்வதற்குள் ஜப்பானின் ஹோஷோ முந்திக்கொண்டது, 1922 டிசம்பரில். முந்துவதற்கு உதவியது யார்? பிரிட்டிஷ்காரர்கள்தான்! 1921-ல் செம்பில் என்பவரின் தலைமையில் ஒரு பிரிட்டிஷ் குழு ஜப்பானின் கசுமிகௌராவுக்குப் போய் ஜப்பான் கடற்படையினருக்குப் பறக்கக் கற்றுக்கொடுத்தது. பிரிட்டனின் சோப்வித் விமான நிறுவனத்தில் இருந்த ஹெர்பர்ட் ஸ்மித் மிட்சுபிஷிக்குப் போய் ஹோஷோவுக்கான போர் விமானத்தை வரைந்து கொடுத்தார். அந்தக் கப்பலில் முதன்முதலில் விமானத்தை இறக்கிக் காட்டியவரும் ஒரு பிரிட்டிஷ் விமானிதான். அந்த செம்பில் பிற்பாடு ஜப்பானுக்கு ரகசியங்களைக் கொடுத்தார் என்று பிரிட்டனின் உளவுத்துறையே கண்டுபிடித்தது, வழக்கு மட்டும் போடவில்லை. ஆக, மட்டக்களப்புக் கடலில் சுமார் 50 மீட்டர் ஆழத்தில் கிடக்கும் கப்பலை ஆசானின் தலையில் மாணவன் வைத்த குட்டு என்று வைத்துக்கொள்ளலாம்.

இதிலிருந்தே இரண்டாவது கேள்விக்குப் போய்விடலாம். காப்பியா?

தொடக்க காலத்தில் ஜப்பான் வெளியிலிருந்து வாங்கியது. 1910 டிசம்பரில் டோக்கியோவின் யோயோகி மைதானத்தில் முதன்முதலில் பறந்தவை ஒரு பிரெஞ்சு விமானமும் ஒரு ஜெர்மன் விமானமும். பிறகு பதினைந்து, இருபது ஆண்டுகள் வெளிநாட்டு நிபுணர்கள், வெளிநாட்டு உரிமங்கள். எல்லா நாடும் அப்படித்தான் கற்றுக்கொள்கிறது. 1930-களின் தொடக்கத்தில் ஜப்பான் கடற்படை ஒரு முடிவு எடுத்தது: இனி வடிவமைப்பு நம்முடையதாக இருக்கவேண்டும். அந்த முடிவில் பிறந்தது, மிட்சுபிஷியின் இளம் பொறியாளர் ஹோரிகோஷி ஜிரோ வரைந்த 96-ஆம் வகைப் போர் விமானம். 1935-ல் பறந்தது. அதன் தம்பிதான் சீரோ.

சீரோவில் வெளிநாட்டுச் சரக்கு இருந்ததா? இருந்தது. அதன் சுழல்விசிறி அமெரிக்க உரிமத்தில் செய்தது. 20 மில்லிமீட்டர் பீரங்கி சுவிட்சர்லாந்தின் ஓர்லிகான் உரிமம். எல்லாம் பணம் கொடுத்து முறையாக வாங்கியவை. உடலும் இறக்கையும் ஹோரிகோஷி குழுவினரின் சொந்தக் கணக்கு. ஜப்பானியனுக்குச் சொந்தமாகச் செய்யத் தெரியாது என்ற நினைப்போடு போருக்கு வந்தவர்கள், அடி வாங்கியதும் கண்டுபிடித்த சமாதானம்தான் இந்தக் காப்பிக் கதை. இன்றும் அதைத் தூக்கிக்கொண்டு திரிகிறவர்கள் இருக்கிறார்கள்.

சரி, மூன்றாவது கேள்விதான் முக்கியமானது. ஏன் வென்றது, ஏன் தோற்றது? இரண்டுக்கும் காரணம் ஒன்றே என்பது என் கட்சி. எடை.

1937-ல் கடற்படை கொடுத்த பட்டியலைப் பாருங்கள். மணிக்கு 500 கிலோமீட்டர் வேகம் வேண்டும். 3,000 மீட்டர் உயரத்தை மூன்றரை நிமிடத்தில் எட்டவேண்டும். துணைத் தொட்டியோடு ஆறு மணி நேரத்துக்கு மேல் பறக்கவேண்டும். இரண்டு பீரங்கி, இரண்டு இயந்திரத் துப்பாக்கி சுமக்கவேண்டும். இத்தனையும் கொடுத்துவிட்டு, பழைய 96-ஆம் வகை போலவே சட்டென்று திரும்பவும் வேண்டும். கப்பலின் சிறிய தளத்திலிருந்து எழும்பவும் வேண்டும். போட்டி நிறுவனமான நகாஜிமா பட்டியலைப் படித்துவிட்டு “எங்களால் ஆகாது” என்று ஒதுங்கிக்கொண்டது. 1938-ல் நடந்த கூட்டத்தில், சட்டென்று திரும்புவதுதான் உயிர் என்று ஒரு அதிகாரி வாதிட்டார். வேகமும் தூரமும்தான் வேண்டும் என்று இன்னொருவர் மல்லுக்கு நின்றார். ஹோரிகோஷி ஏதாவது ஒன்றைக் குறையுங்கள் என்று கேட்டுப் பார்த்தார். குறைக்கவில்லை.

அவர் கையில் இருந்த என்ஜினோ ஆயிரம் குதிரைத் திறனுக்குக் கீழே. சக்தியைக் கூட்ட வழியில்லை என்றால் சுமையைக் குறைக்கவேண்டும், வேறு மார்க்கம் இல்லை. சுமிடோமோ நிறுவனம் அப்போதுதான் கண்டுபிடித்திருந்த புதிய அலுமினியக் கலவையை எடுத்துக்கொண்டார். சட்டங்களில் வலு தேவைப்படாத இடமெல்லாம் துளை போட்டார்கள். இறக்கையையும் உடலின் முன்பகுதியையும் ஒரே துண்டாகச் செய்தார்கள், கோத்துப் பூட்டும் இரும்பின் எடை மிச்சம். நகைக்கடைத் தராசு வைத்து வேலை செய்தார்கள் என்று நினைத்துக்கொள்ளுங்கள். கடைசியில் முழுச் சுமையோடு சுமார் 2,400 கிலோ. துணைத் தொட்டியோடு 3,000 கிலோமீட்டர் பறக்கக்கூடிய போர் விமானம். அன்றைக்கு அந்தத் தூரம் போகும் ஒற்றை என்ஜின் போர் விமானம் வேறு யாரிடமும் இல்லை.

1939 மார்ச் மாதம் நகோயா தொழிற்சாலையில் முதல் விமானம் தயார். பக்கத்தில் விமான ஓடுதளம் கிடையாது. 40 கிலோமீட்டருக்கு அப்பால் ககாமிகஹாராவுக்குக் கொண்டுபோகவேண்டும். லாரியில் ஏற்றினால் மேடு பள்ளத்தில் அடிபடும். என்ன செய்தார்கள் தெரியுமா? பிரித்து மாட்டுவண்டியில் ஏற்றினார்கள். உலகின் மிக நவீனமான போர் விமானம் இரவெல்லாம் காளை மாட்டின் நடையில் போய்ச் சேர்ந்தது! ஏப்ரல் 1 அன்று பறந்தது. போர் முடியும் காலம்வரை அந்தத் தொழிற்சாலையில் மாடும் குதிரையும் விமானங்களை இழுத்துக்கொண்டுதான் இருந்தன. ஜப்பானின் நிலைமையை விளக்க எனக்கு இதைவிட நல்ல காட்சி கிடைக்கவில்லை. வரைபலகையில் உலகத் தரம், தொழிற்சாலை வாசலுக்கு வெளியே மண் சாலை.

பெயர்க் காரணத்தையும் சொல்லிவிடுகிறேன். 1940 ஜப்பானின் பேரரசு ஆண்டுக் கணக்கில் 2600. கடைசி இலக்கம் சுழியம். அதனால் ‘ரெய்சென்’, சுழியப் போர் விமானம். அந்த ஆண்டு செப்டம்பர் 13 அன்று சீனாவின் சோங்சிங் வானில் 13 சீரோக்கள் இரண்டு மடங்குக்கும் மேற்பட்ட எண்ணிக்கையில் வந்த சீன விமானங்களோடு மோதின. 27 விமானங்களை வீழ்த்தியதாக ஜப்பானியர் எழுதிக்கொண்டார்கள். சீனர்களின் கணக்கு அதில் பாதி அளவுதான். ஆனால் ஒரு சீரோகூட விழவில்லை என்பதில் சண்டை இல்லை. சீனாவுக்கு உதவிக்கொண்டிருந்த அமெரிக்கர்கள் இதை வாஷிங்டனுக்கு எழுதினார்கள். அங்கே யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

இப்போது அதே தராசின் மறுபக்கம். எடையை மிச்சம் பிடித்தபோது எதை விட்டார்கள்? விமானியின் முதுகுக்குப் பின்னால் கவசத் தகடு இல்லை. எரிபொருள் தொட்டிக்கு ரப்பர் உறை இல்லை. அந்த உறை இருந்தால், குண்டு துளைத்த இடத்தில் பெட்ரோல் பட்டதும் ரப்பர் ஊதி ஓட்டையை அடைத்துக்கொள்ளும். அது இல்லாத சீரோ, சில குண்டுகள் சரியான இடத்தில் பட்டாலே தீப்பந்தம். மிட்சுபிஷியின் ஜி4எம் குண்டுவீச்சு விமானமும் இதே இனம்தான். முதல் உரசலிலேயே பற்றிக்கொள்ளும் சிகரெட் லைட்டர் என்று அதற்குப் பட்டப்பெயர். 1943 ஏப்ரலில் ஜப்பான் கடற்படைத் தளபதி யமமோட்டோ இறந்தது அந்த விமானத்தில்தான். இதைக் கோழைத்தனம், கஞ்சத்தனம் என்று சொல்லமாட்டேன். கடற்படை கேட்ட பட்டியலில் பாதுகாப்பு என்ற வரியே இல்லை. முதலில் சுடுகிறவன் பிழைப்பான் என்று விமானிகளும் நம்பினார்கள்.

1942 ஜூன் 4 அன்று அலாஸ்காவை ஒட்டிய அக்குட்டான் தீவில் ஒரு சீரோ எண்ணெய்க் குழாய் அடிபட்டு இறங்கியது. பச்சைப் புல்வெளி என்று நினைத்த இடம் சதுப்பு நிலம். சக்கரம் புதைந்து விமானம் குப்புறக் கவிழ்ந்தது, கோகா என்ற இளம் விமானி அங்கேயே இறந்தார். எதிரி கையில் கிடைக்காமல் அதைச் சுட்டு எரிக்கவேண்டும் என்பது கட்டளை. மேலே வட்டமிட்ட இரண்டு தோழர்களுக்கு, அவன் உயிரோடு இருந்தால் என்ன செய்வது என்று கை வரவில்லை. ஒரு மாதம் கழித்து அமெரிக்கர்கள் அதைக் கண்டெடுத்து, சான் டியாகோவுக்குக் கொண்டுபோய்ச் சீர்செய்து பறக்கவிட்டார்கள். வேகம் கூடினால் இறக்கையின் கட்டுப்பாடுகள் இறுகிவிடுகின்றன, வலப்பக்கம் உருள்வது இன்னும் கடினம், மூக்கைச் சட்டென்று கீழே அழுத்தினால் என்ஜின் இருமுகிறது – எல்லாம் வெளியே வந்துவிட்டது. அதோடு சுற்றிச் சுற்றிச் சண்டை போடாதீர்கள், மேலிருந்து பாய்ந்து அடித்துவிட்டு ஓடுங்கள் என்பது எழுதாத சட்டமாயிற்று.

அந்த சீரோவைப் பார்த்துத்தான் அமெரிக்காவின் ஹெல்கேட் போர் விமானத்தைச் செய்தார்கள் என்று எழுதுகிறவர்கள் நாட்காட்டியைப் பார்ப்பதில்லை. ஹெல்கேட் முதன்முதலில் பறந்தது 1942 ஜூன் 26. சீரோ கண்ணில் பட்டது ஜூலையில். ஹெல்கேட்டின் பலம் அதன் என்ஜின்: 2,000 குதிரைத் திறன். எடை சீரோவைப்போல் இரண்டு மடங்குக்கு மேல். கவசம், ரப்பர் உறை, ஆறு துப்பாக்கி எல்லாவற்றையும் சுமந்துகொண்டு சீரோவைவிட வேகமாகப் போகும். அதே காலத்தில் சீரோவின் என்ஜின் 940-லிருந்து 1,130-க்கு ஏறியிருந்தது, அவ்வளவுதான்.

ஜப்பானிடம் வேறு நல்ல விமானங்கள் இல்லையா என்றால், இருந்தன. தரைப்படையின் ஹயபுசா, ஹயட்டே, கவானிஷியின் ஷிடென். கவாசாகியின் ஹியென் கதைதான் பரிதாபம். ஜெர்மன் உரிமத்தில் செய்த நீரால் குளிரும் என்ஜின் அதற்கு. அந்த நுணுக்கத்தில் என்ஜின்களை வேண்டிய அளவு செய்ய முடியவில்லை. 270-க்கு மேற்பட்ட விமான உடல்கள் என்ஜின் இல்லாமல் வரிசையாக நின்றன. கடைசியில் காற்றால் குளிரும் மிட்சுபிஷி என்ஜினைப் பொருத்தினார்கள். அது அசலைவிட நன்றாகப் பறந்தது!

விமானிகள் விஷயம் இன்னும் மோசம். தேர்ந்த விமானிகள் மிட்வே கடற்போரில் ஒரே நாளில் அழிந்தார்கள் என்பது தவறு. அங்கே கப்பல்கள் போயின, விமானிகளில் பெரும்பாலோர் தப்பினார்கள். அவர்களைத் தின்றது ரபாவுல் தளத்திலிருந்து குவாடல்கனால் தீவுக்குப் போன பாதை. போக ஏறக்குறைய 1,000 கிலோமீட்டர், வர அதே தூரம், நடுவில் சண்டை. நெடுந்தூரம் பறக்கும் என்ற சீரோவின் பெருமையே அங்கே எமனாயிற்று. அமெரிக்கர்கள் கைதேர்ந்தவனைத் திருப்பி அழைத்துப் புதியவர்களுக்குக் கற்றுக்கொடுக்க வைத்தார்கள். ஜப்பானில் சாகும்வரை முன்வரிசைதான். 1944 ஜூன் 19 அன்று மரியானா கடலில் 300-க்கு மேற்பட்ட விமானங்களை ஒரே நாளில் இழந்தபோது, அவற்றில் அமர்ந்திருந்தவர்களில் பலர் கற்றுக்குட்டிப் பையன்கள். அக்டோபரில் தற்கொலைத் தாக்குதல் தொடங்கியது. அதைப் பற்றித் தனியாகத்தான் பேசவேண்டும்.

நேயர் கடிதத்தின் அடியில் இன்னொரு வரியும் இருக்கிறது: “அந்த நிறுவனங்கள் எல்லாம் பிறகு என்ன ஆயின?” போருக்குப் பின் 1952 வரை ஜப்பான் விமானம் செய்யத் தடை. நகாஜிமா இன்றைய சுபாரு. கவானிஷி இன்றைய ஷின்மைவா. நான்கு சுழல்விசிறிகளோடு மூன்று மீட்டர் அலையிலும் இறங்கும் யுஎஸ்-2 என்ற கடல் விமானத்தை இப்போதும் செய்கிறது. இந்தியா பல ஆண்டுகள் பேரம் பேசியும் வாங்காத விமானம் அதுதான். ஹோரிகோஷி உட்படப் பழைய வடிவமைப்பாளர்கள் ஐவர் கூடி, 1962-ல் பறந்த ஒய்எஸ்-11 பயணிகள் விமானத்துக்கு அடிப்படை போட்டார்கள். உங்கள் ஊர்க் கடலில் ஹெர்மிஸை மூழ்கடித்த விமானத்தைச் செய்த ஐச்சி, போர் முடிந்ததும் சரக்கு ஏற்றும் மூன்று சக்கர வண்டி செய்து விற்றுக்கொண்டிருந்தது.