நாலு சுவருக்குள் நடந்ததற்கு யார் சாட்சி?

அனைவருக்கும் வணக்கம். வக்கீலைப் பார்த்ததும் எல்லோரும் கேட்பது, ‘என்ன காரணம் சொன்னால் விவாகரத்து கிடைக்கும்?’ என்பதுதான். 1955-ஆம் ஆண்டு இந்து திருமணச் சட்டத்தின் 13-ஆவது பிரிவைப் புரட்டினால் காரணங்கள் வரிசையாக இருக்கின்றன: பிற உறவு, கொடுமை, இரண்டு வருடம் கைவிட்டுப் போவது, மதம் மாறுவது, தீராத மனநோய், துறவு, ஏழு வருடம் தகவலே இல்லாமல் போவது. இருவரும் மனமொத்துப் பிரிந்தால் 13பி பிரிவு இருக்கிறது. அங்கே யாரும் யார்மீதும் எதையும் நிரூபிக்க வேண்டாம். ஒருவர் மட்டும் கேட்கும்போதுதான் பாடு. அதைத்தான் இன்று பேசப்போகிறேன்.

‘தினமும் குடித்துவிட்டு வந்து அடித்துத் துன்புறுத்தினார்’ என்று மனுவில் ஒரு வரி இருக்கும். முழு உண்மையாகவே இருக்கும். கூண்டில் ஏறியதும் எதிர்த்தரப்பு வக்கீல் நிதானமாக ஆரம்பிப்பார்.

‘எந்தத் தேதியில் அடித்தார்?’

‘ஞாபகம் இல்லைங்க.’

‘எந்த ஆஸ்பத்திரிக்குப் போனீர்கள்?’

‘போகலை. மஞ்சள் பத்து போட்டேன்.’

‘அம்மாவிடமாவது சொன்னீர்களா?’

‘அவங்க மனசு கஷ்டப்படுமேன்னு சொல்லலை.’

‘அப்படி ஒன்று நடக்கவே இல்லை என்கிறேன்.’

பல வருடம் பட்ட பாடு பத்து நிமிடத்தில் பொய்யாகிப் போகும். குடும்ப மானத்துக்காக வாயை மூடிக்கொண்டிருந்தவளிடம், அந்த மௌனத்தையே அவளுக்கு எதிராகத் திருப்புவதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரியும்.

ஆனால் சட்டம் அவ்வளவு கல்நெஞ்சம் கொண்டதில்லை. 1975-இல் தாஸ்தானே என்ற தம்பதியின் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: கொலை வழக்கு மாதிரி சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கத் தேவையில்லை, நடந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று நீதிபதிக்குப் பட்டால் போதும். வழக்குக்கு உதவும் என்றால், சாட்சியச் சட்டப்படி ஏற்க முடியாத ஆவணத்தைக்கூடக் குடும்பநல நீதிமன்றம் பார்க்கலாம்.

அதனால் துண்டுக் காகிதத்துக்கும் மதிப்பு உண்டு. அரசு ஆஸ்பத்திரியில் காயம் எப்படி வந்தது என்று கேட்டு எழுதுவார்கள். அங்கே ‘வழுக்கி விழுந்தேன்’ என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். மகளிர் காவல் நிலையத்தில் சமாதானமாகவே முடிந்தாலும் புகார் கொடுத்ததற்கான சி.எஸ்.ஆர். ரசீதை வாங்கி வையுங்கள். அண்ணனுக்கு அனுப்பிய வாட்ஸ்அப் செய்தியை அழிக்காதீர்கள், அந்த போனை எக்ஸ்சேஞ்சில் போட்டுவிடாதீர்கள். அதைத் தாக்கல் செய்யும்போது கூடவே ஒரு சான்றிதழ் வேண்டும், அதை வக்கீல் பார்த்துக்கொள்வார். பக்கத்து வீட்டு அக்கா கோர்ட் படியேற யோசிப்பார். பெற்ற தாய் சொல்லலாமே! சொந்தக்காரர் என்பதற்காக மட்டும் ஒரு சாட்சியைத் தள்ள முடியாது. வீட்டில் நடந்ததை வீட்டு மனிதர்தானே பார்த்திருப்பார்?

அதே தாஸ்தானே வழக்கில் இன்னொன்றும் இருக்கிறது. வழக்குப் போட்டவர் கணவர். மனைவி நடந்துகொண்டது கொடுமைதான் என்று நீதிமன்றமும் ஒப்புக்கொண்டது. ஆனாலும் அதற்கப்புறம் சேர்ந்து வாழ்ந்ததால் அவர் மன்னித்துவிட்டார் என்று சொல்லி, கேட்டதைக் கொடுக்கவில்லை. நம் பக்கம் பெரியவர்கள் பேசிச் சேர்த்துவைத்து அனுப்புகிறோமே, அங்கே இந்தக் கேள்வி நிச்சயம் வரும். கொடுமை மறுபடி தொடங்கினால் பழைய காரணமும் உயிர்பெறும் என்பது நல்ல செய்தி. ஆகவே சேர்ந்த தேதியையும், மறுபடி ஆரம்பித்த தேதியையும் குறித்து வையுங்கள்.

‘ரெண்டு வருஷமா அம்மா வீட்ல இருக்கா, போதாதா?’ என்று ஆண்கள் கேட்பார்கள். போதாது. தகுந்த காரணமில்லாமல், இனி வரவே மாட்டேன் என்ற எண்ணத்தோடு போனார் என்று காட்ட வேண்டும். 1956-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த ஒரு பம்பாய் வழக்கில், மனைவி விட்டுப் போய்விட்டார் என்றார் கணவர். ஆனால் மகளை அனுப்ப வேண்டாம் என்று மாமனாருக்குத் தந்தி அடித்திருந்தவரும் அவரேதான். கடைசியில் தோற்றார். இன்று அந்தத் தந்தி, ‘இந்த வாசப்படி மிதிக்காதே’ என்று வாட்ஸ்அப்பில் கிடக்கும்.

நடத்தை மேல் பழி போடுபவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். ஆதாரமில்லாமல் மனைவியின் ஒழுக்கத்தைப் பழித்துப் பதில் மனுவில் எழுதினால், அதுவே கொடுமை என்று 2003-இல் தீர்ப்பு இருக்கிறது. சந்தேகத்தைத் தீர்த்துக்கொள்ள எடுத்ததற்கெல்லாம் குழந்தையை டிஎன்ஏ சோதனைக்கு இழுக்க முடியாது என்று 2023-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. எவ்வளவு நியாயமான பேச்சு! அப்பா அம்மா சண்டையில் அந்தப் பிள்ளை என்ன செய்யும்?

அப்புறம், எதிர்த்தரப்பு வராமல் எக்ஸ்பார்ட்டி ஆகிவிட்டால் ஜெயித்துவிட்டோம் என்று நினைக்காதீர்கள். இந்து திருமணச் சட்டத்தின் 23-ஆவது பிரிவின்படி, எதிர்க்க ஆளே இல்லாவிட்டாலும் காரணம் உண்மை என்று நீதிபதிக்குத் திருப்தி வர வேண்டும். அன்றைக்கும் சாட்சிக் கூண்டில் ஏறித்தான் ஆகவேண்டும், காகிதங்களைக் கொடுத்துத்தான் ஆகவேண்டும்.

உங்கள் கேள்விகளை இப்போது கேட்கலாம். எல்லோர் முன்னாலும் கேட்கத் தயங்குபவர்கள் கூட்டம் முடிந்ததும் தனியாக வாருங்கள், இருக்கிறேன்.